கடைசிப் படம்

"சாய்க்காதீங்க சித்தப்பா, ஒரு நிமிஷம்" என்று மகள் குறுக்கே போய் நின்றாள்.

சித்தப்பாவும் மாமாவும் மேஜையைக் கீழே வைத்தார்கள். உள்ளறையில் கிடத்தியிருந்த அப்பாவை இந்த அறை வழியாகத்தான் வெளியே கொண்டுபோக வேண்டும். மேஜையைச் சாய்த்தால்தான் வழி. அதன் கண்ணாடியில், மணலால் வரைந்த கிழவன் ஒருவன் கதவைத் திறந்து நின்றான்.

அப்பாவின் பிழைப்பு அது. மணலை விரலால் நகர்த்தி, மேலே தொங்கும் கேமராவில் பிடித்து, அதைக் கலைத்து அடுத்ததை வரைவார். நாள் முழுக்க முதுகு ஒடிந்தாலும் திரையில் கண் மூடித் திறப்பதற்குள் ஓடிவிடும். இப்படி நாலு குறும்படங்கள். பார்த்தவர்களை விரல்விட்டு எண்ணலாம். அவர் மணல் வியாபாரம் செய்வதாகவே தெருவில் பாதிப்பேர் நினைத்திருந்தார்கள். இந்த ஐந்தாவதுக்கு மூன்று வருடம். முடியும்வரை எடுத்ததைப் பார்க்க மாட்டார், பார்த்தால் கை கூசும் என்பார். கேமராவின் சின்னத் திரையைக்கூடக் காகிதம் ஒட்டி மறைத்திருந்தார்.

ஆஸ்பத்திரியில் அவர் பேசியதும் இதைத்தான். "ஒன்னே ஒன்னுதான் பாக்கி. வரைஞ்சாச்சு. நீ அமுக்கிடு, போதும்."

கேமராவின் பொத்தானை அமுக்கினாள். சத்தம் கேட்டது. படம் விழுந்ததா என்று பார்க்கக் காகிதத்தை உரித்தாள். மெமரி கார்டு இல்லை என்றது திரை.

மூடியைத் திறந்தாள். காலி. தூணில், ரிப்பேர் கடையின் சின்னக் கவர் ஆணியில் தொங்கியது. படம் தொடங்குவதற்கு முன் கேமரா அங்கே போயிருந்தது. கார்டைத் தனியாகக் கழற்றிக் கொடுத்திருக்கிறார்கள். கவரில் அடித்த ஸ்டேப்லர் பின்னைக்கூட அப்பா பிரிக்கவில்லை.

மூன்று வருடமாக இந்த வீட்டில் கேட்டது வெறும் சத்தம். அவளுக்கு அப்பாமேல் கோபம்கூட வந்தது.

கார்டைப் போட்டு மறுபடி அமுக்கினாள். இந்தமுறை விழுந்தது. கதவைத் திறந்து நிற்கும் கிழவன், அது மட்டும்.

அம்மா உள்ளறை வாசலில் வந்து நின்றாள். "முடிஞ்சுதாடி?"

மகள் கேமராவை மூடினாள். "முடிஞ்சுதும்மா."

அம்மா தன் தம்பியான மாமாவிடம் திரும்பினாள். அழுதழுது குரல் கட்டியிருந்தது. "ஒங்க மச்சான் படத்த முடிச்சிட்டாருடா. எல்லாரையும் கூப்ட்டுப் போட்டுக் காட்டணும்."

எவ்வளவு நேரம் ஓடும் என்று மாமா கேட்டார். அம்மா மகளைப் பார்த்தாள்.

"சின்னப் படம்தான் மாமா" என்றாள் மகள்.

பிறகு மேஜையைச் சாய்த்தார்கள். மணல் சரிந்து தரையில் கொட்டியது. தூக்குகிறவர்களுக்குக் கால் வழுக்கும் என்று யாரோ துடைப்பம் கேட்டார்கள்.