கடலிலிருந்து தெரியும் நீலம்

மூன்றாவது காட்சியிலேயே அராம் அக்கா தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்துவிட்டாள். ஜன்னலில் போர்வை கட்டி இருட்டாக்கிய அவள் வீட்டு அறையில், சுவரில் ஓடிக்கொண்டிருந்தது ரொக்காயா எடுத்த படம். மேற்கு ஆப்பிரிக்காவின் தியாரோய் கரையிலிருந்து ஸ்பெயினுக்குப் படகேறி, ஒரு செய்தியும் அனுப்பாத பிள்ளைகளின் தாய்மார்களைப் பற்றிய படம்.

"இது யாருடி?"

"நீங்கதான்க்கா."

"நானா? போடி. சேத்து நிறத்துல எங்கிட்ட எந்த அங்கி இருக்கு?"

ரொக்காயாவுக்கு முகம் சுட்டது. அவள் எடுத்தபோது அங்கியும் நீலம், கடலும் நீலம். பணம் போட்ட ஜெரோம் பாரிஸில் நிறம் திருத்தி அனுப்பியதில் கடல் மஞ்சள், வானம் மஞ்சள், மீன் உலர்த்தும் பெண்களெல்லாம் செங்கல் சூளையிலிருந்து வந்தவர்கள் போல நின்றார்கள். அவள் ஓவியமும் வரைகிறவள்; தன் ஓவியத்தின் அச்சுப்படத்தில் நீலம் கொஞ்சம் வெளுத்தாலே சண்டைக்குப் போகிறவள், இதைப் பார்த்துவிட்டு வாயை மூடிக்கொண்டிருந்தாள். பெரிய திரைப்பட விழாவுக்குத் தேர்வான படம். உப்பிட்டவனைப் பகைப்பானேன் என்ற நினைப்பு. வெட்கம் கெட்ட நினைப்பு.

"மாலிக் மொத மொதல்ல மீன் வித்து வாங்கித் தந்த அங்கிடி அது. 'அம்மா, இதப் போட்டுக்கிட்டு கரையில நில்லு, எவ்வளவு தூரத்துல வந்தாலும் நீதான்னு கண்டுபிடிச்சிருவேன்'னான். உன் படம் ஊர் ஊராப் போகும், எங்கயாவது அவன் கண்ணுல படும்னுதானே கேமரா முன்னாடி நின்னேன்? இதுல என்னை எப்படிடி கண்டுபிடிப்பான்?"

அக்கா எழுந்து உள்ளே போனாள். ரொக்காயா வீடியோ காலில் ஜெரோமைப் பிடித்தாள்.

"ஏன் கோவப்படற? இதமா இருக்குல்ல? ஆப்பிரிக்கான்னா இங்க ஜனங்க இப்படித்தான் எதிர்பார்ப்பாங்க."

"உங்க ஊர்க் கடலுக்கும் இப்படி மஞ்சள் பூசுவீங்களா?"

"சின்ன விஷயம், ரொக்காயா. இப்ப மாத்தணும்னா விழாவை மறந்துட வேண்டியதுதான்."

கோபம் பாதி அவன் மேல், பாதி தன் மேல். மாலிக்கின் படகு தெரிகிறதா என்று எத்தனை வெள்ளிக்கிழமை அந்தக் கரையில் அக்காவோடு நின்றிருக்கிறாள்! ஒரு தாயைப் பிள்ளைக்கே அடையாளம் தெரியாமல் ஆக்கிவிட்டு, சின்ன விஷயமாம்.

"விழாவ மறந்துட்டேன். என் கடலத் திருப்பிக் குடுங்க."

அதற்குள் அக்கா அந்த அங்கியைப் போட்டுக்கொண்டு வந்து சுவருக்கு முன்னால் நின்றாள். படம் நிற்கவில்லை, அதன் வெளிச்சம் மேலே விழுந்து அவள் மார்பிலும் கையிலும் சேற்றுக் கடல் வழிந்தது. புழுதியைத் தட்டுவதுபோல் தட்டிப் பார்த்தாள். போகவில்லை.

ரொக்காயா ஜன்னல் போர்வையைப் பிடித்து இழுத்தாள். மதிய வெயில் உள்ளே கொட்டியது. சுவரிலிருந்த படம் மறைந்துபோயிற்று.

"ரொக்காயா, என்ன ஆச்சு? என்ன பண்ற?" என்றது போன்.

அவள் போனை அக்காவின் பக்கம் திருப்பிப் பிடித்தாள். அக்கா அதைப் பார்க்கவில்லை. கரையில் நிற்பதுபோலவே, கண்ணுக்கு மேல் கையை வைத்துக்கொண்டு நின்றாள், நீலமாக.