கரட்டுப் பூவும் கசந்த பாலும்

இந்த வாரம் முழுக்க ஆட்டுப்பால் கசந்தது. சீஸ் செய்கிறவர் ஒரு கரண்டி வாயில் விட்டுத் துப்பிவிட்டு, நாளைக்கும் இப்படி இருந்தால் வேறு வீட்டில் வாங்கிக்கொள்வதாகச் சொல்லிவிட்டார். அந்தப் பாலை நம்பித்தான் குடும்பமே ஓடுகிறது.

அவள் பாத்திரங்களைக் கொதிநீரில் அலசினாள். மடிகளைத் தடவிப் பார்த்தாள், சீக்கு ஏதுமில்லை. எங்கே மேய்த்தீர்கள் என்று புருஷனைக் கேட்டால், வழக்கமான இடம்தான் என்று சத்தியம் செய்யாத குறை. பாவம், அந்த மனுஷனுக்குப் பொய் சொன்னால் காது சிவந்துவிடும். இரண்டு காதும் சிவந்திருந்தன.

சாயங்காலம் கிழட்டு ஆட்டின் தாடியில் ஒரு பூ சிக்கியிருந்தது. நடுவில் மஞ்சள் பொட்டு, சுற்றிலும் வெள்ளை இதழ். வறண்ட கரட்டில் தண்ணீரே கேட்காமல் பூக்கிற காட்டுச்செடி; ஆடு தின்றால் பால் கசந்துபோகும். குன்றுக்கு அந்தப்பக்கம், கொழுந்தன் வீட்டைச் சுற்றித்தான் அது மண்டிக் கிடக்கும்.

கொழுந்தனா! அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பாகம் பிரித்த அன்று நாலு பேர் முன்னால் அவளைத் திருடி என்றவன். இனி அவன் வாசலை மிதிக்கக் கூடாதென்று புருஷனிடம் வாக்கு வாங்கியவளே அவள்தான்.

பூவை அவர் முன்னால் வைத்தாள். அவர் மழுப்பவில்லை. தம்பி ஏணியிலிருந்து விழுந்து காலை முறித்துக்கொண்டு வாசலில் கட்டில் போட்டுப் படுத்திருக்கிறானாம். பேச்சுவார்த்தை கிடையாதாம். ஆடுகள் பாட்டுக்கு மேயும், இவர் பாறைமேல் உட்கார்ந்திருப்பார், அவன் படுத்திருப்பான். பொழுது சாய்ந்தால் எழுந்து வந்துவிடுவாராம்.

நல்ல அண்ணன், நல்ல தம்பி! அவள் கோபம் தணியவில்லை. ஆனாலும் இரண்டு பேரும் அப்படி வாய்மூடிக் கிடப்பதை நினைக்க நினைக்க மனசு கேட்கவில்லை.

"நாளைக்கு ஆட்டை நான் இந்தப்பக்கம் மேய்ச்சுக்கிறேன். நீங்க மட்டும் போயிட்டு வாங்க."

அவர் பதறிப்போனார். "ஆடு கூட இருந்தா மேய்க்க வந்த மாதிரி இருந்துக்கலாம். தனியா போனா, எதுக்கு வந்தேன்னு அவன் கேட்டா நான் என்ன சொல்றது?"

"உன்னைப் பாக்கத்தான்டா வந்தேன்னு சொல்லுங்க."

அவர் உதடுகள் அசைந்தன. சொல்லிப் பார்க்கிறார் என்று அவளுக்குப் புரிந்தது. பாதி சொல்வதற்குள் அழுதுவிட்டார்.