வராத காய்ச்சல்

கதைகளில் பகைவர் இருவர் ஒரே கிணற்றில் விழுவதுண்டு. செல்லக்கிளியும் மதுரைவீரனும் ஏறியது ஒரே பஸ். உத்தமர்சீலியிலிருந்து கோர்ட் நேரத்துக்கு ஸ்ரீரங்கம் போய்ச் சேர அதை விட்டால் வேறில்லை. வாய்தாதோறும் வாதி முன்பக்கம், பிரதிவாதி பின்பக்கம். நான்கு ஆண்டுகளாகப் பேச்சில்லை. அவளுடைய வாழைத்தோட்டத்துக்குப் போகும் பாதையை அவர் வேலியிட்டு அடைத்ததுதான் வழக்கு. அன்றுமுதல் ஒவ்வொரு வாழைத்தாரையும் அவள் வாய்க்காலில் இறங்கித் தலைச்சுமையாகவே கொண்டுவந்தாள்.

"இதுவே கடைசி அவகாசம்" என்று நீதிபதி கண்டித்துச் சொல்லியிருந்த வாய்தா நாளன்று, திருவானைக்கோவிலை நெருங்கும்போது மதுரைவீரன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சரிந்தார்.

"இவருக்குத் தெரிஞ்சவங்க யாராச்சும் இருக்கீங்களா?" என்று கேட்டார் கண்டக்டர்.

ஊர்க்காரர் வேறு யாரும் அன்று பஸ்ஸில் இல்லை; அவரைத் தெரிந்தவள் அவள் ஒருத்திதான். ஒரு கணம் ஜன்னலைப் பார்த்தாள். பிறகு இறங்கி ஆட்டோ பிடித்தாள். ஆஸ்பத்திரிக்கு அவருடைய மகள் வந்து சேரும்வரை உடனிருந்தாள். அங்கே கோர்ட்டில் இருவர் பெயரையும் மும்முறை கூவி அழைத்தார்கள். இருவரும் வராததால் வழக்கு தள்ளுபடியானது.

முப்பது நாளுக்குள் மனுப் போட்டால் வழக்கை மீட்கலாம் என்றார் வக்கீல் குமாஸ்தா பீமராவ்.

"அன்னிக்கு நான் ஆஸ்பத்திரியில இருந்தேங்க" என்று தொடங்கினாள் செல்லக்கிளி.

"அது போதும்மா. மத்ததை நான் பார்த்துக்கறேன், கையெழுத்துப் போடுங்க" என்றார் அவர். வாய்தாவுக்கு வராதவர் எல்லாருக்கும் இருபத்தைந்து வருடங்களாக அவர் எழுதிவந்த காரணம் ஒன்றே. அதையே இவளுக்கும் எழுதினார்.

மனு விசாரணைக்கு வந்தது.

"எத்தனை நாளும்மா காய்ச்சல்?" என்றார் நீதிபதி.

செல்லக்கிளி திகைத்தாள். "எனக்கு ஏதுங்கய்யா காய்ச்சல்? கல்லு மாதிரி இருந்தேங்க."

கோர்ட் சிரித்தது. பீமராவ் மேற்கூரையைப் பார்த்தார். எதிர்த்தரப்பு வக்கீல் மகிழ்ச்சியோடு எழுந்தார். இன்று மனு போனால் செல்லக்கிளிக்குப் பாதை போயிற்று; இனி ஆயுளுக்கும் வாய்க்கால்தான்.

வக்கீலின் கறுப்பு அங்கியைப் பின்னாலிருந்து ஒரு கை இழுத்தது.

"உட்காருங்க சார்" என்றார் மதுரைவீரன். "அய்யா, நோவு எனக்குத்தாங்க. என்னைத் தூக்கிக்கிட்டு ஓடுனதுலதான் அந்தத் தங்கச்சி இங்க வர முடியாமப் போச்சு."

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "அப்படின்னா பாதையை விட்டுடுறீங்களா?"

"அது வேறங்கய்யா. பாதை என்னுது. அதைக் கேஸுலயே பேசிக்குவோம்."

நடந்ததை நடந்தபடி எழுதிக் கொடுக்குமாறு பீமராவுக்கு உத்தரவாயிற்று. வழக்கு மீண்டும் கோப்பில் ஏறியது. அடுத்த வாய்தா, பதினான்காம் தேதி.

பஸ் நிறுத்தத்தில் இருவரும் நான்கடி தள்ளியே நின்றார்கள்.

"பதினாலாந்தேதியும் இதே பஸ்தானே?" என்று சாலையைப் பார்த்துக் கேட்டார் அவர்.

"வேற ஏது? மாத்திரையை மறக்காம எடுத்துக்கிட்டு வாங்கண்ணே" என்றாள் செல்லக்கிளி. "அன்னிக்கும் கோர்ட்டை விட்டுட்டு ஓட என்னால முடியாது."