கத்தி படாத உடம்பு

நஃபீசாவும் சுஃப்யானும் ஆளுக்கொரு பக்கம் பிடித்துக் கட்டிலைச் சுவரோரம் தள்ளிக்கொண்டிருந்தபோதே ஆம்புலன்ஸ் சந்துக்குள் நுழைந்துவிட்டது. நஃபீசாவின் கொழுந்தன் முஜீபின் உடலைக் கொண்டுவந்துவிட்டார்கள்.

முஜீபின் மனைவி அஃப்ஷீன் மயங்கிச் சரிந்தாள். நாலு பேர் தாங்கிப் பிடித்தார்கள். ஒருத்தி விசிறினாள், ஒருத்தி தண்ணீர் புகட்டினாள். மூன்று வருடம் முன்பு இதே வீட்டில் தன் புருஷன் பஷீரைக் கிடத்தியபோது தனக்கு யார் விசிறினார்கள் என்று நஃபீசா யோசித்தாள். ஒருவரும் நினைவுக்கு வரவில்லை. மையத்து வீட்டில் இப்படி ஒரு நினைப்பா என்று வெட்கமாகத்தான் இருந்தது. ஆனாலும் நினைப்பு போகவில்லை.

ஓரகத்தி மேல் பொறாமை இன்று நேற்று வந்ததல்ல. அண்ணன் தம்பி இரண்டு பேரும் ஒரே ஆபீசுக்குத்தான் லாரி ஓட்டினார்கள். பஷீர் லோடு ஏற்றிப் போனால் திரும்பி வரும்வரை ஒரு சேதியும் இருக்காது. முஜீப் டீ குடிக்க நிறுத்தும் இடத்திலெல்லாம் போன் போடுவான். அதை ஸ்பீக்கரில் போட்டுக்கொண்டுதான் அஃப்ஷீன் அரிசி களைவாள். தனக்குக் கேட்கட்டும் என்றே செய்கிறாள் என்று நஃபீசா பல்லைக் கடிப்பாள்.

"பெருந்துறைல லோடு எறக்கறதுக்குக் கயிறு அவுத்துட்டு இருந்தவரு, நெஞ்சப் புடிச்சுட்டு அப்படியே உழுந்துட்டாருங்க," என்று வாசலில் சொல்லிக்கொண்டிருந்தார் லாரி ஆபீஸ் மேனேஜர் திருமலைசாமி. "நாந்தான் ஆஸ்பத்திரில பேசி, அறுக்காம கொள்ளாம கொண்டாந்துட்டேனுங்க. உங்க வழக்கப்படி சீக்கிரம் எடுக்கோணுமல்லங்க. சாயங்காலம் அசர் தொழுகையோட அடக்கம் பண்ணிப்போடலாம்."

"பெரிய மனசுங்க உங்களுக்கு," என்றான் சுஃப்யான். அவன் அஃப்ஷீனின் தம்பி.

நஃபீசாவுக்கு இந்தப் பேச்சு புதிதல்ல. வால்பாறை மலையிறக்கத்தில் வண்டியை ஓரங்கட்டிவிட்டு பஷீர் ஸ்டியரிங்கில் சாய்ந்த அன்றும் இதே மேனேஜர் இதையேதான் சொன்னார். அண்ணன் மேல் கத்தி படக்கூடாது என்று முதலில் குதித்தவன் முஜீப். அவளும் தலையாட்டினாள். பின்னால் நஷ்ட ஈடு கேட்டுத் தொழிலாளர் ஆபீசுக்கு அலைந்தபோது, இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் மரியாதையாகத்தான் கேட்டார். வேலையால் வந்த சாவு என்பதற்கு என்ன அத்தாட்சி? பிரேதப் பரிசோதனை செய்தீர்களா? வீட்டில் படுத்திருந்தாலும் வரக்கூடிய மாரடைப்புதானே? கேஸ் தள்ளுபடியானது. மகள் இஃப்ரா காலேஜை விட்டுவிட்டு ஜவுளிக்கடையில் நிற்கிறாள். நஃபீசா ஹாஸ்டலில் பாத்திரம் தேய்க்கிறாள்.

கேஸ் தோற்றது வீட்டில் எல்லோருக்கும் தெரியும். எதனால் தோற்றது என்று அவள் சொல்லவில்லை. சொன்னால் கொழுந்தனைக் குறை சொன்னதாகிவிடும்.

இப்போதும் சும்மா இருந்தால் போதும். அசரோடு எல்லாம் முடிந்துவிடும். ஸ்பீக்கரில் போன் பேசியவளும் பாத்திரம் தேய்க்க வருவாள். பக்கத்துக் குழாயடியில் அஃப்ஷீனை நிறுத்திப் பார்த்தாள். மனசுக்கு நன்றாகத்தான் இருந்தது. வாயைத் திறந்தாலோ, தனக்குக் கிடைக்காதது தன்னாலேயே அவளுக்குக் கிடைக்கும். அதை நினைத்தால் வயிறு எரிந்தது.

அஃப்ஷீன் தட்டுத் தடுமாறி வந்து அவள் தோளில் சாய்ந்தாள். "ரெண்டு நாளா தூங்கலைன்னு போன்ல சொன்னாருக்கா. நாந்தான் இந்த லோடு மட்டும் முடிச்சுட்டு வந்துருங்கன்னேன்."

வாசலில் ஸ்ட்ரெச்சரை இழுக்கத் தொடங்கியிருந்தார்கள்.

"எறக்காதீங்க," என்றாள் நஃபீசா. "பெருந்துறைக்கே திருப்புங்க. போலீசுல எழுதிக் குடுத்து, போஸ்ட்மார்ட்டம் பண்ணிக் கொண்டாங்க."

"ஏனுங்கம்மா, நாளைக்கு ஆயிப்போடுமுங்க," என்றார் திருமலைசாமி. "பாவமல்லங்களா?"

"இவரு அண்ணனுக்கும் இப்படித்தானுங்க பாவம் பாத்தீங்க. அந்தப் பரிசோதனை இல்லாமத்தான் எங்க கேசு தோத்துது."

அஃப்ஷீன் வெடுக்கென்று தலையை எடுத்தாள். "எம்புருசனை அறுக்கச் சொல்றீங்களாக்கா? எங்களப் பாத்தாலே உங்களுக்கு வயித்தெரிச்சல். செத்தவருகிட்டயுமா?"

எல்லோரும் நஃபீசாவைப் பார்த்தார்கள். இல்லை என்று சொல்லலாம்தான்.

"ஆமா, வயித்தெரிச்சல்தான்," என்றாள். "இப்பவும் எரியுது. இருக்கட்டும். எங்கூட்டுக்காரரக் கத்தி படாமத்தான் அனுப்பி வச்சேன். இஃப்ரா கடைல நிக்கறா. உம்பையனும் போய் நிக்கோணுமா?"

மேனேஜர் போனை எடுத்துக் காதில் வைத்துக்கொண்டு தள்ளிப் போனார். சற்று நேரம் கழித்து சுஃப்யான் ஸ்ட்ரெச்சரை மறுபடி உள்ளே தள்ளினான். அஃப்ஷீன் நஃபீசாவின் முகத்தைப் பார்க்காமலே போய் வண்டிக்குள் ஏறி உட்கார்ந்தாள்.

குறுகலான சந்து. வண்டியைத் திருப்ப இடமில்லை, ரிவர்ஸிலேயேதான் போயாக வேண்டும். நின்றவர்கள் நின்றபடியே இருந்தார்கள். நஃபீசா துப்பட்டாவை இழுத்துச் செருகிக்கொண்டு, வழியில் நின்ற ஸ்கூட்டர்களை ஒவ்வொன்றாக ஓரம் தள்ளினாள். பிறகு ஆம்புலன்சின் பக்கவாட்டில் உள்ளங்கையால் தட்டித் தட்டி, "வரட்டும்... வரட்டும்..." என்று குரல் கொடுத்தபடி மெயின் ரோடு வரைக்கும் கூடவே நடந்தாள்.