நஞ்சுண்டனின் வாய்தாக்கள்

"செருப்பை அங்கயே உட்டுட்டு வாங்கம்மா" என்று போலீஸ்காரர் சொன்னபோது பவளாயி அதை ஏற்கெனவே கழற்றிக் கையில் பிடித்திருந்தாள். எங்கே வைப்பது என்றுதான் தெரியவில்லை. சிங்காநல்லூரில் இந்த வீட்டு வாசலுக்கு அவள் வருவது இதுதான் முதல்முறை. உள்ளே கண்ணாடிப் பெட்டியில் கிடந்தவன் அவளுடைய கூடப்பிறந்த தம்பி.

ஊருக்கு அவர் ஓய்வுபெற்ற நீதியரசர் நஞ்சுண்டன். அவளுக்குச் சின்னான். இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக் கூலிக்காரர் லயத்தில் அப்பனும் ஆத்தாளும் அடுத்தடுத்துப் போய்ச் சேர்ந்ததும், அவனைக் கையில் பிடித்துக்கொண்டு கப்பலேறி வந்தவள் அவள்தான். மேட்டுப்பாளையத்து உருளைக்கிழங்கு மண்டியில் அழுகல் பொறுக்கி அவனைப் படிக்கவும் வைத்தாள்.

வக்கீல் சங்கத்து ரவிக்குமார் மைக்கில் முழங்கிக்கொண்டிருந்தார். "நாதியற்ற அனாதையாகக் கப்பலில் வந்து இறங்கிய சிறுவன், வழக்கறிஞராகி, சட்டமன்ற உறுப்பினராகி, நீதிபதியாகி..."

அந்த அனாதைக் கதையை அவன் முதன்முதலில் சொல்லிப் பார்த்ததே பவளாயியிடம்தான். சீனியர் வக்கீல் தன் மகளைக் கொடுக்கத் தயாராக இருந்தார். அப்பன் ஆத்தா இல்லாத பையனை எந்தச் சாதியாகவும் சொல்லிக்கொள்ளலாம். மண்டியில் கிழங்கு பொறுக்குகிற அக்கா ஒருத்தி இருந்தால் முடியாது. "கல்யாணம் முடியட்டும்க்கா, நானே ஊரறியச் சொல்லிப்போடறேன்" என்றான்.

கல்யாணம் முடிந்தது, எலெக்‌ஷன் வந்தது. எம்.எல்.ஏ. ஆனான், அடுத்து ஜட்ஜ் பதவி வந்தது. அப்புறம் மகள் லோகப்பிரியாவின் கல்யாணம். அதற்கப்புறம் ரிட்டயர்மெண்ட். கோர்ட்டில் அடுத்தவனுக்கு வாய்தா கொடுக்க மூக்கால் அழுகிறவன் என்று பெயர் வாங்கியவன், அக்காவிடம் மட்டும் வாய்தாவுக்கு மேல் வாய்தா வாங்கினான். எப்போதாவது மேட்டுப்பாளையம் ரயில்வே கேட் பக்கம் அவன் கார் வந்து நிற்கும். கண்ணாடியை இறக்கி ரெண்டு வார்த்தை, அவ்வளவுதான். அவன் நன்றாயிருந்தால் போதும் என்று இவளும் வாயைத் திறக்காமலே இருந்துவிட்டாள், ஏமாளி.

இன்று அவனால் வாய்தா கேட்க முடியாது. 'தம்பி' என்று வாய்விட்டு அழ வேண்டும், அக்காவாக நின்று வாய்க்கரிசி போட வேண்டும். பஸ்ஸிலேயே முடிவு செய்துவிட்டுத்தான் வந்திருந்தாள்.

பெட்டியருகே வந்தாள். மூக்கில் பஞ்சு வைத்தும் முகம் அப்பனைப் போலவே இருந்தது. அடிவயிற்றிலிருந்து எழுந்த அழுகை வாய்க்கு வருவதற்குள், தலைமாட்டில் உட்கார்ந்திருந்த அவன் மனைவி ரங்கநாயகி எழுந்து வந்து கையைப் பிடித்துக்கொண்டாள்.

"மேட்டுப்பாளையத்துல இருந்துங்களா வாரீங்க?"

"ஆமாங் கண்ணு."

"கொஞ்சம் உள்ள வாங்க."

சட்டப் புத்தகங்கள் அடுக்கியிருந்த அறைக்குக் கூட்டிப்போய்க் கதவைச் சாத்தினாள். பவளாயியால் இனியும் பொறுக்க முடியவில்லை.

"அம்மணி, நான் அவனோட அக்கா. கூடப் பொறந்தவ."

ரங்கநாயகி திடுக்கிடவில்லை. "தெரியுங்க. அவரு சொல்லியிருக்காருங்க."

பவளாயி மேசையைப் பிடித்துக்கொண்டாள். சொல்லிவிட்டான்! சண்டாளன், கடைசியிலாவது சொல்லிவிட்டான். வழியெல்லாம் அவனைத் திட்டிக்கொண்டு வந்தோமே என்று தன்மேலேயே கோபம் வந்தது.

"ஆஸ்பத்திரியில இருக்கறப்பத்தான் சொன்னாருங்க" என்றாள் ரங்கநாயகி. "மொத எலெக்‌ஷன்ல நமக்காக ஓடியாடி வேலை செஞ்ச அம்மா ஒருத்தரு மேட்டுப்பாளையத்துல இருக்குது. ஊட்டுக்காரரு செத்ததுல இருந்து மனசு சரியில்ல, என்னையத் தம்பின்னே நெனச்சுட்டிருக்குது. நான் போய்ட்டா கண்டிப்பா வரும், ஆரும் வெரட்டிப்போடாதீங்கன்னு சொன்னாருங்க."

வெளியே மைக் நின்றிருந்தது.

"அவன் காதுக்குப் பின்னால ஒரு தழும்பு இருக்குது பாரு அம்மணி" என்றாள் பவளாயி. "தேயிலைச் செடி வெட்டற கவ்வாத்துக் கத்தி பட்டது. நாந்தான் மஞ்சப் பத்துப் போட்டேன்."

"அதையும் சொல்லுவீங்கன்னு சொன்னாருங்க." ரங்கநாயகியின் கண் கலங்கியது. அந்தக் கலக்கத்தில் பொய் இல்லை.

வக்கீல் புத்தி. சாட்சி கூண்டில் ஏறுவதற்கு முன்பே சாட்சியைப் பைத்தியம் ஆக்கிவிட்டான். இனி அவள் எதைச் சொன்னாலும் அது அவன் முன்கூட்டியே சொல்லிவைத்த பேச்சுத்தான். நாற்பது வருஷம் வாயைப் பூட்டிக்கொண்டு அவனைக் காப்பாற்றியவளை, சாகக் கிடந்தபோதுகூட அவன் நம்பவில்லை.

"அழோணும்னா அழுங்கம்மா. தம்பின்னே சொல்லி அழுங்க. எல்லார்த்துகிட்டயும் சொல்லிப்போட்டனுங்க, ஆரும் ஒண்ணும் நெனைக்க மாட்டாங்க."

அடித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பாள்.

அவர்கள் வெளியே வந்தபோது வாய்க்கரிசிக்குக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். "கூடப் பொறந்தவங்க ஆராச்சும் இருக்கீங்களா?" என்று பெரியவர் ஒருவர் முறைக்காகக் கேட்டார். "அவருக்கு ஆருமில்லீங்க" என்று கூட்டத்திலிருந்து பதில் வந்தது. ரங்கநாயகி பவளாயியின் முதுகில் கைவைத்து, "போங்கம்மா, போட்டுட்டு வாங்க" என்றாள். விஷயம் தெரிந்தவர்கள் பாவமாகப் பார்த்து வழிவிட்டார்கள்.

பவளாயி நகரவில்லை. "வேண்டாங் கண்ணு" என்றாள். "நான் ஆரு அதுக்கு?"

வீட்டுக்குப் பக்கவாட்டில் டிரைவர்களுக்கும் போலீஸ்காரர்களுக்கும் இட்லி போட்டுக்கொண்டிருந்தார்கள். பிணம் எடுக்கும்வரை சொந்தபந்தத்தின் பல்லில் பச்சைத் தண்ணீர் படாது. ரங்கநாயகியும் லோகப்பிரியாவும் காலையிலிருந்து காப்பித் தம்ளரைத் தொடவில்லை. பவளாயி ஒரு பிளாஸ்டிக் நாற்காலியை இழுத்துப் போட்டு டிரைவர்களோடு உட்கார்ந்தாள். தட்டு வந்தது. முன்வாசலில் சங்கு ஊதினார்கள். அவள் இட்லியைப் பிட்டு, சாம்பாரில் தோய்த்து, வாயில் போட்டு மென்றாள்.

"இன்னும் ரெண்டு வெக்கட்டுங்களா?"

"வைங்க" என்றாள். "சாம்பாரு கொஞ்சம் தாராளமா ஊத்துங்க."