கமலாக்ஷிக்கு அடிக்காத ஆணி

கொச்சியில், கொச்சங்காடியில் சுக்கைக் குவித்துவைத்துப் பொறுக்கும் கிட்டங்கிகள் இருக்கும் தெருவில் பெண்கள் பேசிக்கொண்டேதான் வேலை செய்வார்கள். முகமது இஸ்மாயில் மேற்பார்வை பார்த்த கிட்டங்கியில் மட்டும் வெள்ளிக்கிழமை காலையில் பேச்சு நின்றுவிடும். அன்றுதான் மலையாள வார இதழ் கடைக்கு வரும். பள்ளுருத்தியிலிருந்து பஸ்ஸில் வரும் ஸ்வர்ணலதா அதை வாங்கி, பேய்த் தொடரை வழியிலேயே படித்து முடித்திருப்பாள். வந்ததும் கோணிமேல் உட்கார்ந்து, கண்ணால் மலையாளத்தைப் படித்து வாயால் தமிழில் சொல்லுவாள்.

மற்றவர்கள் எல்லோரும் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்தவர்கள். மலையாளம் அவர்கள் காதுக்குப் பழகியிருந்தது, எழுத்துப் பழகவில்லை. ஸ்வர்ணலதா கொச்சியிலேயே பிறந்த தமிழ்ப் பெண். மலையாளப் பள்ளியில் பத்தாவது முடித்தவள். தமிழை எழுத்துக் கூட்டித்தான் படிப்பாள்.

அவள் படிக்கிற நேரத்தில் அவள் பங்குச் சுக்கை யார் பொறுக்குவது என்ற கேள்வி தொடக்கத்திலேயே வந்தது. பீடிக் கம்பெனிகளில் ஒருவர் பத்திரிகை வாசிக்க, மற்றவர்கள் அவருக்கும் சேர்த்துப் பீடி சுற்றுவதை, கூட வேலை செய்த பேச்சியம்மாள் பார்த்திருந்தாள்.

"ஆளுக்கு ஒரு கை அள்ளி அவ முறத்துல போடுங்கட்டி," என்றாள். "கத கேக்கணும்னா சும்மாவா?"

அதுவே வழக்கமாகிவிட்டது.

எழுபத்தொன்பதாம் வருஷம் வந்த தொடரில் பேயின் பெயர் கமலாக்ஷி. தறவாடு என்கிற பெரிய கூட்டுக்குடும்ப வீட்டில் வேலைக்கிருந்தவள். கட்டிக்கொள்வதாக அந்த வீட்டு மருமகன், பெரியவரின் அக்காள் மகன், கொடுத்த வாக்கை நம்பினாள். வாக்கைக் காப்பாற்றச் சொன்னபோது அவன் அவளைக் குளத்தில் அமுக்கிக் கொன்றான். வழுக்கி விழுந்தாள் என்று ஊர் நம்பியது. கமலாக்ஷி ஏழிலைப்பாலை மரத்தில் வந்து குடியேறினாள். வாரத்துக்கொரு முறை அவனைத் தேடி வந்தாள். ஒரு வாரம் அவன் சாப்பாட்டில் குளத்துப் பாசி கிடந்தது. இன்னொரு வாரம் அவன் முதுகில் ஈரக் கை ஒன்று பட்டது.

"அப்படிப் போடு!" என்று கத்தினாள் ஆவுடையம்மாள். "இன்னும் கொஞ்சம் மேல, கழுத்துக்கிட்ட வைக்கச் சொல்லு!"

"அச்சில் முதுகுன்னுதான் சேச்சி இருக்கு," என்றாள் ஸ்வர்ணலதா. எழுதியதற்கு மேல் ஒரு வார்த்தை சேர்க்கமாட்டாள், ஒரு வார்த்தை விடமாட்டாள். அதில் அவளுக்குப் பெருமை இருந்தது.

இஸ்மாயில் கதை கேட்பதில்லை என்றுதான் சொல்லிக்கொள்வார். ஆனால் பேய் வருகிற இடத்தில் மேசையை விட்டு எழுந்து வந்து தூணருகே நிற்பார்.

"என்ன அண்ணாச்சி, பயந்து எங்ககிட்ட வந்துட்டீங்களோ?" என்பாள் பேச்சியம்மாள்.

"எனக்கென்ன பயம்? சுக்குல பூச்சி இருக்கான்னு பாக்க வந்தேன்."

"பூச்சி எல்லாம் உங்க சட்டைக்குள்ள நடுங்கிட்டு இருக்கு. போய் உக்காருங்க."

இந்தச் சிரிப்பில் எல்லாம் சேராமல் இருந்தவள் மூக்கம்மாள். அவள் மகள் மாயம்மாள் கல்யாணமாகி இரண்டாம் வருஷம் புகுந்த வீட்டுக் கிணற்றில் பிணமாக மிதந்தாள். தண்ணீர் எடுக்கப் போனவள் கால் தவறி விழுந்துவிட்டாள் என்று மருமகன் சங்கரலிங்கம் சொன்னான். போலீசும் அப்படியே எழுதிக்கொண்டது. அதன் பிறகுதான் மூக்கம்மாள் கொச்சிக்கு வந்தாள். ஊருக்குத் திரும்பிப் போகவேயில்லை.

சட்டம் கைவிட்டதைவிட அவளுக்கு வலித்தது இன்னொன்று. அவர்கள் பக்கத்தில் அநியாயமாகக் கொல்லப்பட்டவர்கள் தெய்வமாவார்கள். கொன்ற குடும்பமே பீடம் கட்டி, வருஷம் ஒருமுறை பொங்கலிட்டு, செத்த கதையை ஊரறியச் சொல்லிக் கும்பிடவேண்டும். மூக்கம்மாள் ஊர்க்கூட்டத்தில் கேட்டது அது ஒன்றைத்தான். "கால் தவறி விழுந்தவளுக்கு எதுக்குப் பீடம்?" என்றார்கள் மருமகன் வீட்டார். பீடம் போட்டால் கொலை என்று ஒப்புக்கொண்டதாகிவிடும். அதனால் மாயம்மாளுக்கு உட்கார இடமில்லாமல் போயிற்று.

கிட்டங்கியில் இது எல்லோருக்கும் தெரியும். யாரும் அவளிடம் அதைப் பேசுவதில்லை. கமலாக்ஷியின் ஈரக் கை அவன் மேல் விழுந்த வாரம் மூக்கம்மாள் சிரித்துவிட்டாள். தன் சிரிப்பைக் கேட்டு அவளே திடுக்கிட்டு முறத்தைப் பார்த்துக் குனிந்துகொண்டாள். அடுத்த வெள்ளிக்கிழமை எல்லோருக்கும் முன்னால் அவள்தான் கேட்டாள்: "வந்துட்டாளா?"

பங்குனி மாதம் தொடரின் கடைசிப் பகுதி வந்தது. ஸ்வர்ணலதா அதைப் பஸ்ஸில் படித்தாள். மட்டாஞ்சேரியில் இறங்கவேண்டிய இடத்தைத் தாண்டிப் போய்விட்டாள். வெயிலில் நடந்து கிட்டங்கிக்கு வந்தபோது அவளை வைது வரவேற்கப் பேச்சியம்மாள் தயாராக இருந்தாள்.

"பொண்ணு வாரா பாரு, கலெக்டர் மாதிரி. ஏட்டி, என்ன முகம் செத்துக் கிடக்கு?"

"இந்த வாரம் வேண்டாம் பெரியம்மா. முடிவு நல்லாயில்ல."

"நல்லாயில்லாதத நாங்க கேக்கக் கூடாதோ? படிட்டி."

ஸ்வர்ணலதா மூக்கம்மாளைப் பார்த்தாள். மாற்றிச் சொல்லலாம். யாருக்கும் தெரியப்போவதில்லை. இஸ்மாயிலுக்கு மலையாளம் படிக்கத் தெரியும், ஆனால் அவர் காட்டிக்கொடுக்கமாட்டார். இருந்தாலும் அவளுக்கு நாக்கு வளையவில்லை. படித்தாள்.

தறவாட்டுக்கு ஒரு பெரிய மந்திரவாதி வந்தார். தரையில் பொடியால் களம் வரைந்து, பூசை செய்து, கமலாக்ஷியை வரவழைத்தார். அவள் அழுதுகொண்டு வந்து நின்றாள். மந்திரவாதி நீளமான இரும்பாணியை எடுத்து அவள் உச்சந்தலையில் வைத்துப் பாலைமரத்தோடு சேர்த்து...

"நிறுத்து," என்றாள் மூக்கம்மாள்.

முறங்கள் எல்லாம் நின்றுவிட்டன.

"அவன் என்ன ஆனான்? அந்த மருமகன்?"

"கல்யாணம் கழிச்சான்," என்றாள் ஸ்வர்ணலதா மெதுவாக. "வீட்டுல விளக்கேத்தி எல்லாரும் நிம்மதியா இருந்தாங்கன்னு எழுதியிருக்கு."

"செத்தவளுக்கு ஆணி, கொன்னவனுக்குக் கல்யாணமா?" பேச்சியம்மாள் எழுந்தே நின்றுவிட்டாள். "எவன்ட்டி எழுதுனது?"

இஸ்மாயில் தூணருகிலிருந்து சமாதானம் சொன்னார். "இவங்க ஊர் வழக்கம் அதும்மா. யக்ஷிப் பேய்ன்னா ஆணி அடிச்சுக் கட்டத்தான் செய்வாங்க. கதையில எப்பவும் அப்படித்தான்."

"எந்த ஊர் வழக்கம்?" என்றாள் பேச்சியம்மாள். "இதே மட்டாஞ்சேரியில காப்பிரிக்கு மதில்ல மெழுகுதிரி ஏத்தி, சுருட்டுப் பத்த வைக்காங்களே, அவன் யாரு? புதையலுக்குக் காவலா இருக்கட்டும்னு பறங்கிக்காரன் உசுரோட சுவத்துல வச்சுக் கட்டுன அடிமைன்னு நீங்கதானே சொன்னீங்க? அவனுக்கு எவன் ஆணி அடிச்சான்? சுருட்டுல்லா குடுக்காங்க!"

இஸ்மாயிலே காப்பிரிக்கு வாரம் ஒரு சுருட்டு வைப்பவர் என்பது பேச்சியம்மாளுக்குத் தெரியும்.

"அந்த மந்திரவாதி அடிக்கல," என்றாள் மூக்கம்மாள்.

எல்லோரும் திரும்பினார்கள்.

"ஆணிய வச்சான். அடிக்கல. கமலாக்ஷி அவனப் பாத்துச் சொல்லுதா: 'தாராளமா அடி. ஆனா எதுக்கு அடிக்கேன்னு ஊருக்குத் தெரியணும்லா? எங்கதைய ஒரு தடவ சொல்லிட்டு அடி.' அவனும் சரின்னுட்டான். அவனுக்கு என்ன, ஆயிரம் பேயக் கட்டுனவன். 'இவ குளத்துல வழுக்கி விழுந்தா'ன்னு ஆரம்பிச்சான். கையில இருந்த ஆணி மெழுகு மாதிரி வளஞ்சு போச்சு."

"ம்," என்றாள் ஆவுடையம்மாள், தன்னையறியாமல்.

"வேற ஆணி எடுத்தான். 'இவளா விழுந்தா'ன்னு சொன்னான். அதுவும் வளஞ்சது. பெட்டியில இருந்த ஆணி பூரா வளஞ்சு கிடக்கு. பொறவு யோசிச்சு, உள்ளத உள்ளபடி சொன்னான். ஆணி நேரா நின்னுச்சு. ஆனா சொல்லி முடிச்சப்போ சுத்தியலத் தூக்க அவனுக்குக் கை வரல."

பேச்சியம்மாள் ஒரு கை சுக்கை அள்ளி மூக்கம்மாள் முறத்தில் போட்டாள். பிறகு ஆவுடையம்மாள். ஸ்வர்ணலதா இதழை மூடிக் கீழே வைத்துவிட்டுத் தானும் அள்ளிப் போட்டாள். மூக்கம்மாள் அதைக் கவனிக்கவில்லை.

"உள்ளது என்னன்னா, எம்மவ தண்ணி எடுக்கப் போகல. வாளியும் கயிறும் வீட்டுக்குள்ள ஆணியில தொங்கிட்டு இருந்துச்சு. நான் போயி எங்கண்ணால பாத்தேன். காஞ்ச கயிறு. தண்ணி எடுக்கப் போறவ வாளிய வீட்டுல விட்டுட்டா போவா? கேட்டேன். ஒருத்தன் பதில் சொல்லல. மாயம்மா சொல்லுதா மந்திரவாதிகிட்ட..."

கமலாக்ஷி எந்த இடத்தில் மாயம்மாளானாள் என்று யாரும் கேட்கவில்லை. மூக்கம்மாள் மதியச் சாப்பாட்டு மணி வரை சொன்னாள். இஸ்மாயில் மணி அடிக்கத் தாமதித்தார்.

அடுத்த வெள்ளிக்கிழமை ஸ்வர்ணலதா இதழ் வாங்கி வரவில்லை. யாரும் கேட்கவுமில்லை. பக்கத்து மிளகுக் கிட்டங்கியிலிருந்து இரண்டு மலையாளப் பெண்கள் வந்து வாசலில் நின்றார்கள். மூக்கம்மாள் தமிழில் சொல்ல, ஸ்வர்ணலதா அவர்களுக்காக மலையாளத்தில் சொன்னாள். அச்சடித்த கதையைப் படித்தபோது வராத ஒரு நிமிர்வு அவள் குரலில் வந்திருந்தது.

சித்திரையில் ஊர்க்கோயில் கொடைத் திருவிழாவுக்காகப் பெண்கள் பலர் கொல்லம் வழியாகச் செங்கோட்டை ரயில் ஏறினார்கள். மூக்கம்மாள் போகவில்லை. அவள் கதை போயிற்று. ரயிலில் பேச்சியம்மாள் சொன்னாள். கொடையில் பொங்கல் அடுப்புகளுக்கு நடுவே ஆவுடையம்மாள் சொன்னாள். கேட்டவர்கள் தத்தம் ஊரில் போய்ச் சொன்னார்கள். சொல்லும்போது தப்பாகச் சொன்னால் ஆணி வளையும் என்ற பயத்தில் யாரும் எதையும் மாற்றவில்லை.

சங்கரலிங்கத்தின் ஊரில் யாரும் பேயைப் பார்த்ததாகச் சொல்லவில்லை. ஆனால் அந்தக் கிணற்றில் தண்ணீர் எடுக்க வருவதைப் பெண்கள் நிறுத்திக்கொண்டார்கள். அதை ஒட்டிய வயலில் நடவுக்கு ஆள் கிடைக்கவில்லை. கூலியைக் கூட்டிக் கொடுத்தும் ஒருத்தி இறங்கவில்லை. "ஆணி வளஞ்ச வீடு" என்று பிள்ளைகள் அந்த வீட்டுக்குப் பெயர் வைத்தார்கள். சங்கரலிங்கத்துக்கு இரண்டாம் கல்யாணம் பேசிவைத்திருந்த இடத்தில் பின்வாங்கினார்கள். பயிர் வைக்காமல் ஒரு பருவம் போனது. அடுத்த பருவத்துக்குள் ஊர்ப் பெரியவர்கள் கூடி, பீடம் போட்டுவிடச் சொன்னார்கள். மூக்கம்மாளை அழைத்துவர ஆள் அனுப்பினார்கள்.

பேச்சியம்மாளும் ஸ்வர்ணலதாவும் கூடவே போனார்கள். ஸ்வர்ணலதா தமிழ்நாட்டுக்கு வந்தது அதுதான் முதல்முறை. பஸ் பலகையை அவள் எழுத்துக் கூட்டி முடிப்பதற்குள் இரண்டு பஸ்கள் போய்விட்டன.

"பத்தாங்கிளாஸ் படிச்சவளோட வந்து நடந்துதான் போகணும் போலிருக்கு," என்றாள் பேச்சியம்மாள்.

கிணற்றருகே வேப்பமரத்தடியில் செங்கல்லில் பீடம் கட்டிச் சுண்ணாம்பு பூசியிருந்தார்கள். ஊரே வந்திருந்தது. பொங்கல் பானை ஏற்றியதும் பூசாரி சங்கரலிங்கத்தைக் கூப்பிட்டார்.

"கதையச் சொல்லிக் கூப்பிடு. சொன்னாத்தான் அவ வந்து உக்காருவா."

சங்கரலிங்கம் கைகூப்பி நின்றான். அவன் அம்மா பின்னாலிருந்து ஏதோ முணுமுணுத்தாள். "மாயம்மா தண்ணி எடுக்கப் போனா," என்று ஆரம்பித்தான்.

"வாளி எங்கன இருந்துச்சுவே?" என்றது கூட்டத்தில் ஒரு பெண் குரல். அது பேச்சியம்மாள் இல்லை. அந்த ஊர்க்காரி யாரோ.

அவன் நிறுத்தினான். மறுபடி ஆரம்பிக்கப் பார்த்தான், முடியவில்லை. பூசாரி அவசரப்படுத்தவில்லை.

"ஆளு மாத்திச் சொல்லலாமா சாமி?" என்றாள் மூக்கம்மாள்.

"பெத்தவ சொன்னா இன்னும் சிறப்பு. ஆனா அவன் நின்னு கேக்கணும்."

மூக்கம்மாள் சேலைத் தலைப்பைச் செருகிக்கொண்டு முன்னால் வந்தாள். கிட்டங்கியில் சொன்னதுபோலவே நிதானமாகச் சொன்னாள். மந்திரவாதியைச் சொன்னாள், வளைந்த ஆணிகளைச் சொன்னாள். சிரிக்கவேண்டிய இடத்தில் ஜனங்கள் சிரித்தார்கள். கயிறு காய்ந்திருந்த இடத்தில் சிலர் கிணற்றுப் பக்கம் திரும்பிப் பார்த்தார்கள். சங்கரலிங்கம் தலையைக் குனிந்து நின்றான். ஒரு வார்த்தையையும் மறுக்கவில்லை. அவன் அம்மா உட்காரப் போனாள். பக்கத்திலிருந்த பெண்கள் அவளை நிறுத்திவைத்தார்கள்.

"யாரும்மா இவுங்க? வில்லுப்பாட்டுக்காரங்களா?" என்று ஸ்வர்ணலதாவிடம் ஒருத்தி கேட்டாள்.

"எங்க கிட்டங்கி சேச்சி," என்றாள் ஸ்வர்ணலதா. "கொச்சியில இவங்க கத சொன்னா மலையாளத்துக்காரங்களும் வந்து நிப்பாங்க."

கதை முடிந்தபோது பொங்கல் பொங்கி வழிந்தது. பெண்கள் குலவையிட்டார்கள். பூசாரி சொல்லாமலே சங்கரலிங்கம் பீடத்துக்கு முன்னால் விழுந்து கும்பிட்டான். மூக்கம்மாள் அவனைப் பார்க்கவில்லை. விபூதித் தட்டை வாங்கி, பீடத்தின் மேல் மூன்று விரலால் இழுத்துப் பூசினாள். சுண்ணாம்பு இன்னும் ஈரமாக இருந்தது.