நேரில் பெற்றுக்கொள்கிறேன்

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும் என்பது எங்கள் அலுவலகத்தில் எல்லோருக்கும் தெரியும். முதுகுக்குப் பின்னால் என்னைச் ‘சிவப்புப் பேனா’ என்று சொல்கிறார்கள் என்பது எனக்கும் தெரியும். சொல்லிவிட்டுப் போகட்டும். வெளிநாட்டு வேலைக்கும் மேற்படிப்புக்கும் விண்ணப்பிக்கிறவர்களின் பயோடேட்டாவில் ஆங்கிலத்தைச் சரிபார்ப்பது என் வேலை. ஒரு மருந்துக்கடைக்கு மேலே, ஜன்னல் திறக்க வராத ஓர் அறையில் உட்கார்ந்து இருபத்திரண்டு வருஷமாக அதைத்தான் செய்துகொண்டிருக்கிறேன்.

வருகிறவர்களில் பத்துக்கு ஒன்பது பேர் ‘கிராஜுவேஷன் படித்தேன்’ என்று எழுதிக்கொண்டு வருவார்கள். கிராஜுவேஷன் என்பது பட்டம் வாங்குவது. அதை மூன்று வருஷம் உட்கார்ந்து யாராவது படிக்க முடியுமா? இன்னும் சிலர் ‘பாஸ்டு அவுட்’ என்பார்கள். நீ கல்லூரியில் மயங்கி விழுந்த கதையை வேலை கொடுக்கிறவனிடம் எதற்கப்பா சொல்கிறாய் என்று கேட்டால் திருதிருவென்று முழிப்பார்கள். படிப்பை முடிக்காதவன் ‘அட்டெண்டட்’ என்றுதான் போட வேண்டும். ‘கிராஜுவேட்டட்’ என்று போடுகிறவன் கையில் காகிதம் இருக்க வேண்டும். சான்றிதழை என் கண்ணால் பார்க்காமல் பட்டத்தைப் பற்றிய ஒரு வரிகூட என் மேஜையைத் தாண்டியதில்லை. முதலாளியின் மச்சானுக்கே அப்படித்தான்.

அன்றன்றைக்கு மாட்டிய தப்புகளை வீட்டுக்கு வந்து என் கணவரிடம் சொல்வேன். அவர் ஓர் உதிரிபாகக் கிடங்கில் மேற்பார்வையாளர். அதிகம் பேசமாட்டார். நான் சொல்வதற்குச் சிரிப்பார். அவர் மாரடைப்பில் போய்ப் பதினோரு மாதம் ஆகிறது. எங்களுக்குக் குழந்தைகள் இல்லை. அலுவலகம் விட்டு வந்தால் மறுநாள் காலை லிஃப்ட்காரரிடம் ‘ரெண்டாவது மாடி’ என்று சொல்லும்வரை எனக்கு வாயைத் திறக்கவே வேலையில்லை. அந்த இரண்டு வார்த்தைக்கே தொண்டை கரகரக்கிறது. தனியாக இருப்பது எனக்குப் பிடிக்கவில்லை. இதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

போன மாதம் நெட்டை போன் செய்தார். என் கணவரின் கல்லூரித் தோழர், ஆறடிக்கு மேல் உயரம், அதனால் அந்தப் பெயர். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் என் கணவர் செஸ் ஆடப் போனது அவர் வீட்டுக்குத்தான். அவர்கள் வகுப்பு நண்பர்கள் சேர்ந்து ஆங்கிலத்தில் ஒரு மலர் போடுகிறார்களாம். இறந்துபோனவர்களுக்கு ஆளுக்கு ஒரு பக்கம். அவரைப் பற்றி நாலு வரி எழுதித் தரச் சொன்னார்.

“படிப்பு, வருஷம் அதெல்லாம் வேண்டாம்மா. அவன் எப்படிப்பட்டவன்னு எழுதுங்க, போதும்.”

எனக்கு எரிச்சல் வந்தது. வகுப்புத் தோழர்கள் போடும் மலரில் பட்டத்தைப் போடாமல் வேறு எதைப் போடுவார்களாம்? என் கணவரைப் பற்றி அச்சில் வரப்போகிற ஒரே பக்கம் அது. அதில் ஒரு புள்ளி பிசகக்கூடாது என்று முடிவு பண்ணினேன். உண்மையைச் சொன்னால், அவர் எப்படிப்பட்டவர் என்று எழுத உட்கார்ந்து பார்த்தேன். ‘அமைதியானவர்’ என்பதற்குமேல் எனக்கு ஒன்றும் வரவில்லை. பட்டத்தைப் பற்றி எழுதுவதென்றால் கண்ணை மூடிக்கொண்டு எழுதுவேன்.

பட்டத்தின் முழுப்பெயர் என்ன, வருஷம் எது என்று பார்க்கச் சான்றிதழைத் தேடினேன். பீரோவில் இல்லை. கட்டிலடிப் பெட்டியில் இல்லை. பள்ளிக்கூட மதிப்பெண் பட்டியலிலிருந்து கிடங்கின் சம்பளச் சீட்டு வரைக்கும் அடுக்கி வைத்திருந்த மனுஷர் அதை மட்டும் எங்கே வைத்துத் தொலைத்தார்? ஊரில் உள்ளவர்களிடம் எல்லாம் ‘காகிதத்தைக் காட்டு’ என்று கேட்ட நான், இருபத்தேழு வருஷமாக என் வீட்டுக்காரரின் காகிதத்தைப் பார்த்ததில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. பி.எஸ்ஸி. கணிதம் என்று நான்தான் எல்லோரிடமும் சொல்வேன். அவர் வாயால் சொல்லி நான் கேட்டதில்லை. அடக்கமான மனுஷர் என்று பெருமைப்பட்டிருக்கிறேன்.

அரை நாள் விடுப்பு எடுத்துக்கொண்டு, இறப்புச் சான்றிதழும் கையுமாகப் பல்கலைக்கழகத்தின் ஆவணப் பிரிவுக்குப் போனேன். ஜன்னலுக்கு அந்தப் பக்கம் கழுத்தில் கண்ணாடி தொங்கவிட்ட ஓர் அம்மாள் இருந்தார். நான் உத்தேசமாகச் சொன்ன வருஷத்தில் அந்தப் பெயரில் யாரும் பட்டம் வாங்கவில்லை என்றார். நன்றாகப் பாருங்கள் என்றேன். பார்த்தாயிற்று என்றார். பதிவேட்டைக்கூட ஒழுங்காக வைத்துக்கொள்ளத் தெரியாதா என்று என் வழக்கப்படி சத்தம் போட்டேன். வரிசையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அந்த அம்மாள் பதிலுக்குக் கோபப்படவில்லை. கண்ணாடியை மாட்டிக்கொண்டு கணினியில் வேறு எதையோ தேடினார்.

“இருக்காரு மேடம். ஆனா நாலு வருஷத்துக்கு முன்னாடிதான் டிகிரி வாங்கியிருக்காரு.”

நாலு வருஷத்துக்கு முன்னால் என் கணவருக்கு ஐம்பத்திரண்டு வயது. ஆள் மாறிவிட்டது என்றேன். பிறந்த தேதியைச் சொன்னார். அப்பா பெயரைச் சொன்னார். திரையை என் பக்கம் திருப்பினார். பழைய மாணவர்கள் விட்டுப்போன பேப்பரை எழுதிக்கொள்ள ஆறு வருஷத்துக்கு முன்னால் இரண்டு வருஷக் கெடு வைத்து ஒரு கடைசி வாய்ப்பு கொடுத்தார்களாம். மற்ற எல்லாப் பேப்பரையும் என் கணவர் அந்தக் காலத்திலேயே பாஸ் பண்ணியிருந்தார். ஒன்றே ஒன்றுதான் பாக்கி. அதை மூன்று தடவை எழுதித் தோற்று, நாலாவது தடவை ஐம்பத்தோரு மார்க் வாங்கியிருக்கிறார்.

எந்தப் பேப்பர் என்று கேட்டேன்.

“இங்கிலீஷ்” என்றார் அந்த அம்மாள்.

சுவரோரம் கிடந்த பெஞ்சில் போய் உட்கார்ந்தேன்.

ஒரு நாள் சாப்பாட்டு மேஜையில் நடந்தது நினைவுக்கு வந்தது. ஒரு பேப்பரைப் பாக்கி வைத்துக்கொண்டு ‘கிராஜுவேட்டட்’ என்று எழுதிக்கொண்டு வந்த ஓர் ஆளை நான் விரட்டியடித்த கதையைச் சொல்லிக்கொண்டிருந்தேன். அவர் அன்றைக்குச் சிரிக்கவில்லை. ஒரு பேப்பர்தானே என்றார். ஒன்றானால் என்ன, ஒன்பதானால் என்ன, பொய் பொய்தான், இவனெல்லாம் வெட்கமில்லாமல் எப்படிப் பெண்டாட்டி முகத்தில் முழிக்கிறான் என்று கேட்டேன். அப்படியே கேட்டேன், வார்த்தை மாறாமல். அவர் தட்டை எடுத்துக்கொண்டு போய்க் கழுவினார். ஒரே வீட்டில் இருந்துகொண்டு நான் ஊருக்கெல்லாம் ஆங்கிலம் திருத்திக்கொண்டிருக்க, அந்த மனுஷர் யாரிடமோ போய் உட்கார்ந்து ஆங்கிலம் படித்திருக்கிறார்.

ஜன்னலம்மாள் உள்ளே போய் ஒரு பழுப்பு உறையைக் கொண்டுவந்தார். பட்டமளிப்பு விழாவுக்கு என் கணவர் போகவில்லை. சான்றிதழைத் தபாலில் அனுப்பவா என்று கேட்கும் படிவத்தில் ‘நேரில் பெற்றுக்கொள்கிறேன்’ என்று அவர் கையெழுத்தில் எழுதியிருந்தது. தபால்காரர் கொண்டுவந்தால் நான்தானே வாங்குவேன். நேரிலும் வந்து அவர் வாங்கவில்லை. வாங்கி எங்கே கொண்டுபோய் வைப்பார்? நாலு வருஷம் அங்கேயே கிடந்திருக்கிறது. கையெழுத்துப் போட்டு நான் வாங்கிக்கொண்டேன். பழக்க தோஷம், நின்ற இடத்திலேயே முதல் எழுத்திலிருந்து கடைசி முத்திரை வரை சரிபார்த்தேன். பிழை ஒன்றும் இல்லை.

அங்கிருந்து நேராக நெட்டையின் வீட்டுக்குப் போனேன். வழியில் பஸ்ஸில் உட்கார்ந்தே அந்த வரியை எழுதிவிட்டேன். கணிதத்தில் இளநிலைப் பட்டம் பெற்றார், வருஷம் இன்னது. உண்மையான வருஷம். தாளை அவரிடம் நீட்டினேன். படித்துவிட்டு என் முகத்தைப் பார்க்காமல் மடித்தார்.

“தெரிஞ்சிடுச்சா” என்றார்.

செஸ் எல்லாம் சும்மா என்று அவரே சொன்னார். மாடியறையில் உட்கார்ந்து இரண்டு வருஷம் ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கிழமை படித்தார்களாம். “எனக்குத் தெரிஞ்ச இங்கிலீஷைச் சொல்லிக் கொடுத்தேன், அதனாலதான் மூணு தடவை போச்சு” என்று சிரித்தார். எனக்கும் சிரிப்பு வந்தது. கூடவே அழுகையும் வந்துவிட்டது. இந்த வருஷத்தைப் போட்டால் மற்றவர்களுக்குத் தெரிந்துவிடாதா என்று கேட்டேன். வகுப்பில் எல்லோருக்கும் அப்போதே தெரியும், எல்லோரும் கூடிக் கேக் வெட்டினோம் என்றார். ஆக, தெரியாதவள் நான் ஒருத்திதான்.

“ரிசல்ட் வந்த அன்னைக்கு அவர் என்ன பண்ணாருண்ணா?”

நெட்டை தாளைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். அப்புறம் சொன்னார்.

“நேரா இங்கதான் வந்தான். ‘இன்னைக்கு அவகிட்ட சொல்லிடப் போறேன், திட்டினா திட்டட்டும்’னு போனை எடுத்தான். நீங்க எடுத்தீங்க. சொல்றதுக்குப் பதிலா, ‘வர்றப்ப ஏதாச்சும் வாங்கிட்டு வரணுமா’ன்னு கேட்டான். நீங்க என்னவோ சொன்னீங்க. சரின்னு வச்சுட்டான்.”

நான் என்ன சொன்னேன் என்று கேட்டேன். தன் காதில் விழவில்லை என்றார். எனக்கும் ஞாபகமில்லை. இருபத்தேழு வருஷத்தில் அவர் அப்படி எத்தனையோ தடவை கூப்பிட்டுக் கேட்டிருக்கிறார், நானும் எதையாவது வாங்கிவரச் சொல்லியிருக்கிறேன். அதில் எது அந்த அழைப்பு என்று எனக்குத் தெரியவில்லை.